'பரிந்துரைக்கவில்லை' என்ற ஒற்றை வரிக்கு எழுதும் பதில்

சிறை ஆலோசனைக் குழுக்களில் உட்கார்ந்து, முன்கூட்டியே விடலாமா என்று ஆயுள் கைதிகளின் கோப்புகளைப் பார்க்கும் அதிகாரிகளுக்கும் நீதிபதிகளுக்கும் பொது உறுப்பினர்களுக்கும்,

வணக்கம்.

நான் கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறையில் தட்டச்சுக் கடை வைத்திருப்பவன். ஒரு கம்ப்யூட்டர், ஒரு ஜெராக்ஸ் மிஷின், மூன்று பிளாஸ்டிக் நாற்காலி, அவ்வளவுதான் கடை. அட்சயா என்ற அரசு இ-சேவை மையத்தில் முடியாத வேலை என்னிடம் வரும். தமிழில் சொல்வதை மலையாளத்தில் மனுவாக்கித் தருவேன். மலையாளத்தில் வந்த பதிலைத் தமிழில் படித்துச் சொல்வேன். சித்தூர் தாலுகாவில் எங்கள் பக்கம் வீட்டில் தமிழ், கோவிலில் தமிழ், சந்தையில் தமிழ். ஆபீசுக்குள் நுழைந்தால் மலையாளம். அதில் பெரிய வருத்தம் ஒன்றும் இல்லை, பழகிவிட்டது. ஆனால் ஒரு சொல் மாறி விழுந்தால் என்ன ஆகும் என்பதை 2021 தொடக்கத்தில் என் கடை வாசலிலேயே பார்த்தேன்.

எழுபதை நெருங்கும் ஒரு அம்மா மத்தியான வெயிலில் ஓடிவந்தார். கையில் பட்டன் போன். முகம் வெளிறிக் கிடந்தது. "தம்பி, ஜெயில்லிருந்து போன் வந்துச்சுங்க. எம்மகன் பேரச் சொல்லி இளவுன்னாங்க. எப்பப் போனான்னு மட்டும் கேட்டுச் சொல்லுங்க தம்பி."

அதே நம்பருக்குக் கூப்பிட்டுக் கேட்டேன். எடுத்தவர் நல்ல மனிதர், பொறுமையாகச் சொன்னார். 'சிக்ஷ இளவு' விஷயமாக வீட்டு விலாசத்தைச் சரிபார்க்கக் கூப்பிட்டாராம். மலையாளத்தில் சிக்ஷ இளவு என்றால் தண்டனைக் குறைப்பு. எங்கள் ஊர்ப் பேச்சில் ழகரம் ளகரமாகத்தான் விழும். இழவு வீட்டையும் இளவு வீடு என்றே சொல்வோம். மகனை விடலாமா என்று யோசிக்கிறார்கள் என்ற செய்தி, மகன் செத்துப்போனான் என்ற செய்தியாக அந்த அம்மாவின் காதில் இறங்கியிருக்கிறது. விஷயத்தைச் சொன்னதும் நாற்காலியில் உட்கார்ந்து அழுதார். எனக்கு முதலில் சிரிப்பு வந்தது என்பதையும் மறைக்காமல் எழுதிவிடுகிறேன்.

அன்றிலிருந்து அந்தக் கோப்பின் பின்னால் நானும் நடந்துகொண்டிருக்கிறேன். எந்தச் சிறை, எந்த ஸ்டேஷன் என்று இங்கே எழுதப்போவதில்லை. ஒரு ஆபீசின் மேல் பழி போடுவதற்காக எழுதும் மடல் இல்லை இது. பேர் மாறினாலும் கதை இப்படித்தான் இருக்கும்.

சித்தூர் பக்கத்துக் கொலை என்றதும் கள்ளுக்கடையை நினைப்பீர்கள். இது கள்ளுச் சண்டை இல்லை, தண்ணீர்ச் சண்டை. மூலத்தறைத் தடுப்பணையிலிருந்து வரும் கால்வாய்த் தண்ணீர் இரவு யார் முறை என்பதில் பங்காளிகள் இருவருக்குள் வாய் வார்த்தை முற்றி, ஒருவர் கையில் மம்பட்டி இருந்தது. செத்தவர் பெரியப்பா மகன். கொன்றவருக்கு அப்போது 27 வயது. 2006 ஆவணியில் உள்ளே போனவர். ஆயுள் தண்டனை, அப்பீலிலும் அதுவே உறுதி. அவர் செய்யவில்லை என்று நான் ஒருபோதும் எழுதித் தரவில்லை, அவரும் அப்படிச் சொன்னதில்லை.

14 வருடம் முடிந்தால் கதவு தானாகத் திறந்துவிடும் என்று எங்கள் ஊரில் பாதிப்பேர் நம்பிக்கொண்டிருக்கிறார்கள். அப்படி இல்லை. ஆயுள் என்றால் ஆயுள் முழுக்கத்தான் என்பது கோபால் விநாயக் கோட்சே வழக்கில் 1961-இலேயே உச்ச நீதிமன்றத்தில் தீர்ந்த விஷயம். மரண தண்டனையும் விதிக்கக்கூடிய குற்றத்துக்கு ஆயுள் பெற்றவர் 14 வருடம் உள்ளே இருந்தே ஆக வேண்டும் என்று 1978-இல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 433ஏ பிரிவைச் சேர்த்தார்கள். புதிய சட்டத்தில் அது 475. ஆக, 14 என்பது மனுவை எடுத்துப் பார்க்கத் தொடங்கும் இடம், அவ்வளவே. இதை அந்த அம்மாவுக்கு விளக்கிச் சொல்ல எனக்கு மூன்று நாள் ஆயிற்று. "அப்ப ஜட்ஜு ஐயா பதினாலுன்னு சொல்லலீங்களா?" என்று திரும்பத் திரும்பக் கேட்டார்.

2021-இல் முதல் பதில் வந்தது. ஒற்றை வரி. குழு பரிசீலித்தது, பரிந்துரைக்கவில்லை. ஏன் என்று ஒரு சொல் இல்லை. தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு, அலைந்து, போலீஸ் அறிக்கையின் நகலை வாங்கினோம். அதில் மூன்று விஷயம் இருந்தது: இறந்தவர் குடும்பத்துக்கு எதிர்ப்பு உண்டு, ஊரில் எதிர்ப்பு உண்டு, வெளியே விட்டால் சட்டம் ஒழுங்கு கெடும்.

இதைப் படித்தபோதுதான் எனக்குக் கோபம் வந்தது. 2020-இல் கொரோனாவுக்காகச் சிறை நெரிசலைக் குறைக்கச் சொல்லி உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டதை ஒட்டி அவரும் விடுப்பில் வந்தார். ஒரு வாரம் பத்து நாள் இல்லை, மாதக்கணக்கில். அதே ஊரில், அதே தெருவில், அம்மாவோடு இருந்தார். தோப்பில் தேங்காய் உரித்துக் கொடுத்துக் கூலி வாங்கினார். ஒரு புகார் இல்லை. கூப்பிட்ட தேதிக்குச் சரியாகத் திரும்பிப் போனார். அதற்கு முன்னும் பல தடவை பரோலில் வந்து ஒரு நாள் பிந்தாமல் போனவர். ஒவ்வொரு பரோலுக்கும் 'ஆட்சேபம் இல்லை' என்று எழுதியது அதே ஸ்டேஷன். பரோலில் வரும்போது கெடாத சட்டம் ஒழுங்கு, விடுதலையாகி வந்தால் எப்படிக் கெடும்? இந்தக் கேள்வியைக் குழுவில் ஒருவராவது கேட்டிருந்தால் அந்த அறிக்கை அன்றே திரும்பிப் போயிருக்கும்.

சரி, இறந்தவர் குடும்பத்தின் எதிர்ப்பு என்று எழுதியிருக்கிறதே, அது பொய் என்று நான் முடிவு கட்டிவிடக் கூடாது அல்லவா? அந்த அண்ணியைப் போய்ப் பார்த்தேன். கணவன் செத்தபோது அவர் மடியில் நான்கு வயதுப் பையன். இன்று அந்தப் பையன் கோயம்புத்தூரில் லேத் பட்டறைக்குப் போகிறான். திண்ணையில் உட்காரச் சொன்னார், தண்ணீர் கொடுத்தார், நான் வந்த காரணத்தைச் சொன்னதும் ரொம்ப நேரம் பேசவில்லை. அப்புறம் சொன்னார்: "கொரோனா வந்தப்ப இங்கதானுங்க இருந்தான். நான் பாக்காத மாதிரி போவேன். அவன் தலையத் தூக்காம போவான். வரட்டுங்க. வேண்டாம்னு நான் எப்பச் சொன்னேன்? ஆனா அந்த வாய்க்கால் பக்கம் அவன் கால் படக்கூடாது. அத மட்டும் எழுதி வாங்கிக் குடுங்க."

போலீசார் வந்து இதைக் கேட்டார்களா என்றேன். "இத்தன வருசத்துல நீங்கதானுங்க கேக்கறீங்க" என்றார்.

அவர் மன்னித்துவிட்டார் என்று இதற்கு அர்த்தம் இல்லை. நான் அப்படி எழுத மாட்டேன், நீங்களும் எழுத வேண்டாம். ஆனால் அவர் சொல்லாத எதிர்ப்பை அவர் பெயரில் எழுதினார்கள், அவர் கேட்ட நிபந்தனையை யாரும் எழுதவில்லை. கைதியின் உரிமை என்று பேசினால் 'செத்தவனுக்கு உரிமை இல்லையா' என்று கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். செத்தவரின் மனைவியை ஒரு தடவைகூடப் பார்க்காமல் அறிக்கை எழுதுவது எந்த உரிமையைக் காப்பாற்றுகிறது என்று நானும் கேட்கிறேன்.

இரண்டாவது மனு எல்லைச் சிக்கலில் மாட்டியது. 2022 மழையில் அந்த அம்மாவின் வீட்டுச் சுவர் சாய்ந்தது. பொள்ளாச்சிப் பக்கம் கட்டிக்கொடுத்த மகள் வீட்டுக்குப் போய்விட்டார். இங்கிருந்து சைக்கிளில் போகும் தூரம்தான். எங்களுக்கு அது எல்லையே இல்லை. இந்தப் பக்கம் பெண் எடுப்போம், அந்தப் பக்கம் பெண் கொடுப்போம், ஆடு மேய்க்கிறவன் காலையில் கேரளத்தில் இருப்பான், சாயங்காலம் தமிழ்நாட்டில் இருப்பான். ஆனால் ஒரு கோப்புக்கு அது சமுத்திரம். மகன் வெளியே வந்தால் தங்கப்போவது தமிழ்நாட்டு விலாசம். அந்த ஊரின் பெயரில் ஒரு ழகரம் உண்டு. இந்தப் பக்கம் ஆபீசில் ழகரத்துக்கு ஆங்கிலத்தில் போடும் எழுத்து வேறு, அந்தப் பக்கம் ரெவின்யூ பதிவில் போடும் எழுத்து வேறு. விசாரித்து எழுதும்படி போன கடிதம் அப்படி ஒரு ஊரே இல்லை என்று திரும்பி வந்தது. உள்ளூர் ஸ்டேஷனோ, இங்கே வீடு இடிந்துவிட்டது, ஏற்றுக்கொள்ள ஆளில்லை என்று எழுதியது. 2024 தொடக்கத்தில் மறுபடி அதே ஒற்றை வரி.

ஏற்றுக்கொள்ள ஆளில்லையாம். அந்தக் காலம் முழுக்க மாதம் தவறாமல் சிறைக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்த தாய் இருக்கிறார். அவர் ஒவ்வொரு தடவையும் கையெழுத்துப் போட்ட பார்வையாளர் நோட்டு அந்தச் சிறையிலேயே இருக்கிறது.

இந்த இடத்தில் பலர் ஒரு யோசனை சொன்னார்கள்: ஆளைத் தமிழ்நாட்டுச் சிறைக்கு மாற்றி வாங்கிவிடு, அங்கே அண்ணா பிறந்தநாளுக்கு விட்டுவிடுவார்கள். 2008-இல் அண்ணா நூற்றாண்டுக்கு 1,405 ஆயுள் கைதிகள் வெளியே வந்தது எங்கள் ஊர் டீக்கடையில் இன்றைக்கும் பேசப்படும் விஷயம். 1950-ஆம் ஆண்டின் கைதிகள் மாற்றல் சட்டத்தில் இரண்டு மாநிலமும் ஒத்துக்கொண்டால் ஆளை மாற்றலாம், அது சரி. ஆனால் தண்டனையைக் குறைக்கும் அதிகாரம் ஆளோடு கூடப் போகாது. எந்த மாநிலத்துக் கோர்ட்டு தண்டித்ததோ அந்த மாநில அரசுதான் முடிவெடுக்க வேண்டும். மத்தியப் பிரதேசத்தில் தண்டனை பெற்றுப் பஞ்சாப் சிறைக்கு மாற்றப்பட்ட ரத்தன் சிங் வழக்கில் 1976-இலேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. பில்கிஸ் பானு வழக்கில் 11 பேரை 2022 ஆகஸ்ட் 15 அன்று குஜராத் அரசு விட்டதும், தண்டனை கொடுத்தது மகாராஷ்டிரக் கோர்ட்டு என்பதால் குஜராத்துக்கு அந்த அதிகாரமே இல்லை என்று 2024 ஜனவரி 8 அன்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்ததும் எல்லாருக்கும் தெரியும். அந்தத் தீர்ப்பு சரியான தீர்ப்பு. அதைப் படித்து நானும் சந்தோஷப்பட்டேன். அதே விதி எல்லை ஊர்க்காரர்களுக்கு எப்படி விழுகிறது பாருங்கள்: குடும்பம் ஒரு மாநிலத்தில், அதிகாரம் ஒரு மாநிலத்தில், விசாரிக்க வேண்டிய போலீஸ் மூன்றாவதாக ஒரு குழப்பத்தில். நகரி, சத்தியவேடு பக்கத்துத் தமிழ்க் குடும்பங்களுக்கு ஆந்திரச் சிறைகளோடும் இதே பாடுதான் இருக்கும் என்று நினைக்கிறேன். அங்கே தெலுங்கு, இங்கே மலையாளம், அவ்வளவே வித்தியாசம்.

விடுதலை உரிமை இல்லை என்று எனக்குச் சொல்ல வேண்டாம், தெரியும். தண்டனைக் குறைப்பை உரிமையாக யாரும் கேட்க முடியாது. ஆனால் நேர்மையாகப் பரிசீலிக்கச் சொல்லிக் கேட்கும் உரிமை உண்டு. எதைப் பார்த்துப் பரிசீலிக்க வேண்டும் என்பதும் நேற்று வந்த விஷயம் இல்லை. 2000-இல் லக்ஷ்மண் நஸ்கர் வழக்கில் சொன்னார்கள்: குற்றம் சமூகத்தையே பாதித்ததா, அல்லது தனி ஒருவர் சம்பந்தப்பட்டதா? திரும்பச் செய்ய வாய்ப்பு உண்டா? செய்யும் திராணி இன்னும் இருக்கிறதா? இவரை மேலும் அடைத்து வைப்பதால் ஏதாவது பலன் உண்டா? குடும்பத்தின் நிலைமை என்ன? இந்த ஐந்தில் ஒன்றுக்காவது அந்த ஒற்றை வரியில் பதில் இருக்கிறதா என்று தேடிப் பார்த்துவிட்டேன். சிறையில் மலையாளம் எழுதப் படிக்கக் கற்றுக்கொண்டதும், சப்பாத்தி யூனிட்டில் வருடக்கணக்கில் வேலை செய்வதும், ஒரு தடவைகூடச் சிறை விதியை மீறியதற்காகத் தண்டனை வாங்காததும் சூப்பிரண்டின் அறிக்கையில் இருந்தன. அதை யார் படித்தார்கள், படித்து என்ன நினைத்தார்கள் என்று தெரியவில்லை.

2025 பிப்ரவரி 18 அன்று உச்ச நீதிமன்றம் இன்னும் தெளிவாகச் சொல்லிவிட்டது. தண்டனைக் குறைப்புக் கொள்கை இருக்கும் மாநிலத்தில், தகுதி வந்தவர் மனுப் போடாவிட்டாலும் அரசே எடுத்துப் பரிசீலிக்க வேண்டும். விட்டாலும் விடாவிட்டாலும் சுருக்கமாகவாவது காரணம் எழுத வேண்டும். அந்த உத்தரவைச் சிறை மூலமாக உடனே கைதிக்குக் கொடுக்க வேண்டும். மறுத்தால், எதிர்த்து வழக்குப் போட உனக்கு உரிமை உண்டு என்றும் சிறை அதிகாரி அவருக்குச் சொல்ல வேண்டும். மாவட்டச் சட்டப்பணி ஆணையத்துக்கும் நகல் போக வேண்டும். நிபந்தனை போடலாம், ஆனால் கடைப்பிடிக்க முடியாததாக, குழப்பமானதாக இருக்கக் கூடாது. இதைப் படித்த அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. அந்த அண்ணி கேட்டதும் இதுதானே? வாய்க்கால் பக்கம் வரக்கூடாது. ஒரு வரி நிபந்தனை. எழுதிக் கொடுத்தால் தீர்ந்தது.

காரணம் எழுதாத அதிகாரம் இரண்டு பக்கமும் கெட்டுப்போகும். ஆந்திராவில் 2005-இல் ஆளுநர் பெயரில் ஒருவருக்கு மீதித் தண்டனையைத் தள்ளுபடி செய்தார்கள். கோப்பைத் திறந்து பார்த்தால், அவர் நல்ல காங்கிரஸ் தொண்டர் என்பதும் ஒரு தகுதியாக எழுதப்பட்டிருந்தது. ஏபுரு சுதாகர் வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. கட்சி, சாதி, மதம் பார்த்துத் தண்டனையைக் குறைக்கக் கூடாது என்று கண்டித்துச் சொன்னது. கேரளத்தில் செங்கன்னூர் காரணவர் கொலை வழக்குக் கைதியை விடலாம் என்று 2025 ஜனவரியில் அமைச்சரவை முடிவெடுத்தபோது, அவரைவிட அதிக வருடம் உள்ளே இருப்பவர்கள் காத்திருக்க இவருக்கு மட்டும் ஏன் முன்னுரிமை என்ற கேள்வி பத்திரிகைகளில் எழுந்தது. அந்த முடிவு சரியா தவறா என்று தீர்ப்புச் சொல்ல நான் யார்? அந்த அம்மா கேட்டது வேறு: "அவங்களுக்குப் பதினாலு போதுங்களா தம்பி? எம்மகனுக்கு ஏன் போதல?" என்னிடம் பதில் இல்லை. உங்களிடம் இருக்கலாம். எழுதாமல் வைத்திருந்தால் எங்களுக்கு எப்படித் தெரியும்?

இந்த மாநிலத்திலிருந்தே போன ஜோசப் வழக்கையும் நீங்கள் படித்திருப்பீர்கள். 26 வருடத்துக்கு மேல் உள்ளே இருந்தவர். குழு பரிந்துரைத்தும் அரசு மறுத்திருந்தது. 2023 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அவரை விடச் சொன்னது. இன்றைக்கு ஒரு மனிதன் என்னவாக மாறியிருக்கிறான் என்று பார்க்காமல், அன்றைக்குச் செய்த குற்றத்தின் வகையை மட்டும் வைத்து ஒதுக்கிக்கொண்டே போனால் அவன் மனம் நொறுங்கிப்போகும் என்பதுதான் அதன் சாரம். அவருக்கு டில்லி வரை போக வழி கிடைத்தது. கொழிஞ்சாம்பாறைத் தட்டச்சுக் கடையிலிருந்து டில்லிக்குப் போகிற வழி எனக்குத் தெரியாது.

அடுத்தது மொழி. இதை ஏதோ மொழிப்பற்றுப் பேச்சு என்று தள்ளிவிட வேண்டாம். குறை சொல்லி மனுக் கொடுக்கிறவர் மாநிலத்தில் வழங்கும் எந்த மொழியிலும் கொடுக்கலாம் என்று அரசியல் சட்டத்தின் 350-ஆவது பிரிவு சொல்கிறது. தமிழ், கன்னடச் சிறுபான்மையினர் தலைமைச் செயலகத்துக்கும் துறைத் தலைவர்களுக்கும், மொழிச் சிறுபான்மைப் பகுதி என்று அறிவித்த இடங்களில் உள்ள ஆபீசுகளுக்கும் தங்கள் மொழியிலேயே எழுதலாம், பதிலும் அதே மொழியில் வர வேண்டும் என்று கேரளத்தின் 1969-ஆம் ஆண்டு ஆட்சிமொழிச் சட்டமே இடம் கொடுத்தது. இத்தனை வருடத்தில் என் கடைக்குத் தமிழில் வந்த அரசுப் பதில்களை எண்ண ஒரு கை விரல் போதும். அதனால்தான் எனக்குக் கடையே ஓடுகிறது. என் பிழைப்புக்கு எதிராக நானே எழுதிக்கொண்டிருக்கிறேன்.

1962-இல் ஹரிகிசன் வழக்கு என்று ஒன்று. தடுப்புக் காவலில் வைத்த ஒருவருக்குக் காரணங்களை ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்தார்கள். அவருக்கு இந்திதான் தெரியும். போலீஸ்காரர் வாயால் மொழிபெயர்த்துச் சொன்னாரே என்று அரசு வாதாடியது. ஆளுக்குப் புரிகிற மொழியில் எழுதிக் கொடுக்காவிட்டால் அது கொடுத்ததே ஆகாது என்று சொல்லி அவரை விட்டார்கள். தடுப்புக் காவலும் தண்டனைக் குறைப்பும் ஒன்றில்லை என்று வக்கீல்கள் சொல்வார்கள். இருக்கட்டும். காரணத்தைக் கைதிக்குத் தெரிவிக்க வேண்டும் என்று ஆன பிறகு, தெரிவிப்பது என்றால் புரியவைப்பதுதானே? எங்கள் ஆள் சிறையில் மலையாளம் கற்றுக்கொண்டார், அவருக்குப் படிக்க முடியும். தோட்டத்து வேலையிலிருந்து நேரே உள்ளே போன மூணாறு, பீர்மேட்டுத் தமிழர் எத்தனை பேருக்கு முடியும்? அவர்கள் வீட்டுக்குப் போகிற போனில் 'இளவு' என்று சொன்னால் என்ன கேட்கும் என்று ஒரு நிமிடம் நினைத்துப் பாருங்கள்.

எங்கள் மாவட்டத்துக்காரர் ஒருவரைப் பற்றிச் சொல்லாமல் இந்த மடலை முடிக்க மனமில்லை. வி.ஆர். கிருஷ்ணய்யர் பாலக்காட்டுத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். 1948-இல் ஒரு மாதம் ஜெயிலில் இருந்தவர். 1957-இல் ஈ.எம்.எஸ். மந்திரிசபையில் சட்டத்தோடு சிறைத்துறையையும் பார்த்தவர். கைதியாகவும் இருந்து, சிறை மந்திரியாகவும் இருந்து, பின்னால் உச்ச நீதிமன்ற நீதிபதியாகவும் ஆனவர் வேறு யார் இருக்கிறார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. திகார் சிறையில் ஒரு வார்டர் இன்னொரு கைதியைச் சித்திரவதை செய்ததைப் பற்றி சுனில் பத்ரா என்ற கைதி எழுதிப் போட்ட கடிதத்தையே வழக்காக எடுத்துக்கொண்டார்கள். முத்திரை இல்லை, வக்கீல் இல்லை, வெறும் கடிதம். சிறைச் சுவருக்குள்ளும் அரசியல் சட்டம் உண்டு என்று எழுதியவர் அவர். அந்த 14 வருட விதியைச் செல்லும் என்று மாரு ராம் வழக்கில் சொன்னவரும் அவர்தான், அதில் எனக்கு அவர்மேல் சின்ன வருத்தம் உண்டு. ஆனால் ஆளுநர் பெயரில் உள்ள மன்னிப்பு அதிகாரத்தை அந்த விதி கட்டுப்படுத்தாது என்றும், அதை மனம்போனபடி பயன்படுத்தக் கூடாது என்றும் அதே தீர்ப்பில் இருக்கிறது. ஒரு கைதியின் கடிதத்தை எடுத்துப் படித்த ஊர்க்காரர் அவர். அந்த நினைப்பில்தான் நானும் ஸ்டாம்ப் ஒட்டாமல் இதை எழுதுகிறேன்.

மூன்றாவது மனு உங்கள் முன்னால் வந்திருக்கிறது. 2025 ஆவணியோடு அவர் உள்ளே போய் 19 வருடம். விட முடியாது என்று நீங்கள் முடிவெடுக்கலாம், அது உங்கள் அதிகாரம். அப்படி எடுத்தால் ஏன் என்று அரைப் பக்கம் எழுதுங்கள். அவருக்கு மலையாளத்தில் கொடுங்கள், தாய்க்குத் தமிழில் அனுப்புங்கள். மொழிபெயர்க்க ஆளில்லை என்றால் கூப்பிடுங்கள், காசு வாங்காமல் செய்து தருகிறேன். அறிக்கை கேட்கும்போது எத்தனை நாளுக்குள் வர வேண்டும் என்று தேதி போடுங்கள். வராவிட்டால் அந்தத் தாமதத்தைக் கைதியின் கணக்கில் எழுதாதீர்கள். செத்தவர் வீட்டுக்கு ஒரு பெண் அதிகாரியை, யூனிஃபார்ம் இல்லாமல் அனுப்புங்கள். அந்த அண்ணி ஆண் போலீசாரிடம் வாய் திறக்க மாட்டார்.

தாயின் வீட்டுக்கு விசாரணைக்குப் போகிறவருக்கு வழி சொல்லிவிடுகிறேன். போன தடவைபோல ஊரே இல்லை என்று ஆகிவிடக் கூடாது. செக்போஸ்ட் தாண்டிப் பொள்ளாச்சி போகிற டவுன் பஸ்ஸில் நாலாவது ஸ்டாப். இறங்கினால் எதிரில் மூடிக் கிடக்கும் தென்னைநார் மில். அதன் மதிலை ஒட்டியே போனால் மாரியம்மன் கோவில் வரும். அங்கே யாரிடம் கேட்டாலும் 'கேரளாக்காரம்மா வீடு' என்று காட்டுவார்கள். மகன் வந்தால் படுக்க என்று மகள் வீட்டுக்குப் பின்பக்கம் ஓடு வேய்ந்த ஓர் அறை கட்டி, வெள்ளையடித்து வைத்திருக்கிறார்கள். பகலில் அந்த அம்மா தேங்காய்க் களத்தில் இருப்பார். சாயங்காலம் ஐந்து மணிக்கு மேல் போங்கள், வீட்டில் இருப்பார்.

இப்படிக்கு,
கொழிஞ்சாம்பாறைத் தட்டச்சுக் கடைக்காரன்